இயற்பெயரை எழுதலாமா?

கேள்வி: ஆபாசப் படங்களில் நடித்து, பிறகு விலகிய ஒரு நடிகையைப் பற்றி வாழ்க்கைக் குறிப்பு எழுதுகிறேன். இயற்பெயர், படங்களின் எண்ணிக்கை, விலகிய ஆண்டு எல்லாமே இணையத்தில் கிடைக்கின்றன. எதையெல்லாம் எழுதலாம்?

பதில்: இணையத்தில் கிடைக்கிறது என்பது மட்டும் போதாது. யார், எப்படி வெளியே விட்டார்கள் என்று முதலில் பாருங்கள். 2011-ல் ஓர் இணையதளம் 12,000-க்கும் மேற்பட்ட நடிகர், நடிகையரின் இயற்பெயர்களை வெளியிட்டது. பால்வினை நோய்ப் பரிசோதனைக்காக அவர்கள் ஒரு மருத்துவ மையத்தில் கொடுத்திருந்த விவரங்களே கசிந்ததாக அப்போது செய்திகள் வந்தன. அப்படிக் கசிந்த பெயர் ஒரு தளத்திலிருந்து இன்னொன்றுக்குப் போய், கடைசியில் 'எல்லோருக்கும் தெரிந்த' தகவல் ஆகிவிடுகிறது. அதனால் அவரே பேட்டியிலோ, தன் புத்தகத்திலோ, தன் பெயரில் நடத்தும் பக்கத்திலோ சொல்லியிருந்தால் மட்டும் இயற்பெயரை எழுதுங்கள். இல்லையென்றால் திரைப்பெயர் போதும். பெற்றோர், பிள்ளைகள், இப்போது வசிக்கும் ஊர், பார்க்கும் வேலை ஆகியவற்றை விட்டுவிடுங்கள். திரைவாழ்க்கையைப் புரிந்துகொள்ள அவை தேவையில்லை.

அடுத்தது சம்மதம். இதைப் பலரும் யோசிப்பதே இல்லை. ஒரு படம் இருக்கிறது என்பதாலேயே அதில் வருபவர் விரும்பி நடித்தார் என்று ஆகாது. 'வீடியோ இணையத்தில் வராது' என்று பொய் சொல்லி நடிக்கவைத்ததாக 22 பெண்கள் தொடுத்த வழக்கில், 2020 ஜனவரியில் அமெரிக்காவின் சான் டியாகோ நகர நீதிமன்றம் அவர்களுக்கு ஒரு கோடியே இருபது லட்சம் டாலருக்கும் மேல் இழப்பீடு வழங்கத் தீர்ப்பளித்தது. அந்த வீடியோக்களைப் படப்பட்டியலில் சேர்ப்பது அந்தக் கொடுமையை நீட்டிப்பதுதான். ஜப்பானில் 2022-ல் வந்த சட்டம், ஒப்பந்தத்துக்கும் படப்பிடிப்புக்கும் இடையே ஒரு மாதம், படப்பிடிப்புக்கும் வெளியீட்டுக்கும் இடையே நான்கு மாதம் இடைவெளி கேட்கிறது. வெளியான பிறகும் ஒப்பந்தத்தை ரத்து செய்ய அவகாசம் தருகிறது. எனவே ஒருவர் மிரட்டப்பட்டதாகவோ ஏமாற்றப்பட்டதாகவோ சொல்லியிருந்தால், அதை ஓரத்தில் ஒரு வரியாக ஒதுக்காதீர்கள். குறிப்பின் நடுவில் அவருடைய சொற்களிலேயே வையுங்கள். அதே சமயம், விரும்பி வந்தேன் என்று சொல்பவரைப் பாதிக்கப்பட்டவராகச் சித்திரிப்பதும் தவறு. அவர் வார்த்தையை நம்புங்கள்.

சரி, எண்ணிக்கை. தரவுத்தளங்களில் இருக்கும் எண்ணை அப்படியே எடுக்காதீர்கள். பழைய காட்சிகளை வெட்டி ஒட்டிய தொகுப்புகளும் தனிப் படங்களாகக் கணக்கில் வரும். விலகி ஐந்தாறு ஆண்டுகள் ஆனவர் பெயரிலும் 'புதுப்படம்' வெளியாகும். வெளியான ஆண்டை வைத்து ஓய்வு பெற்ற ஆண்டைக் கணக்கிட்டால் தப்பாகிவிடும். அவரே சொன்ன ஆண்டுதான் சரி. விருதுகளிலும் பரிந்துரையை வெற்றியாக எழுதிவிடுவது அடிக்கடி நடக்கிறது. அமெரிக்க ஆபாசப் படத் துறையில் 1984 முதல் வழங்கப்படும் ஏவிஎன் விருது என்றால் அந்தந்த ஆண்டின் வெற்றியாளர் பட்டியலைப் பாருங்கள்.

மொழியில் ஒரே ஒரு கவனம். நடித்தார், இயக்கினார், விலகினார் என்று எழுதினால் போதும். 'சீரழிந்தார்', 'திருந்தினார்' எல்லாம் உங்கள் தீர்ப்பு. உடல் வர்ணனையும் வேண்டாம்.

அவரைத் தொடர்புகொள்ள அவரே பொதுவில் ஒரு வழி வைத்திருந்தால், வெளியிடும் முன் தகவல்களைச் சரிபார்க்கக் கேளுங்கள். பதில் வராவிட்டால் அதைச் சம்மதமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். அவர் உறுதிசெய்யாத தனிப்பட்ட விவரம் எதுவானாலும் நீக்கிவிட்டு வெளியிடுங்கள். பின்னாளில் இயற்பெயரையோ படத்தையோ எடுக்கச் சொல்லி அவர் எழுதினால், காரணம் கேட்காமல் அன்றே எடுத்துவிடுங்கள்.