இருபது கோடா, இருபது யூனிட்டா?

கேள்வி: தனியார் மருத்துவமனையில் ஸ்டாஃப் நர்ஸாக இருக்கிறேன். வார்டு ஃப்ரிட்ஜில் ஒரு மில்லிக்கு 40 யூனிட், 100 யூனிட் என இரண்டு வகை இன்சுலின் வயலும் (மருந்துக் குப்பி) கலந்து கிடக்கும். நைட்டில் டாக்டர் போனில் "இருபது யூனிட் போட்டுடுங்க" என்று சொல்லி வைத்துவிடுகிறார். தப்பு நடந்தால் என் தலையில்தான் விழும். என்ன செய்வது?

பதில்: பயம் நியாயம்தான் சிஸ்டர். ஆனால் போனைவிட சிரிஞ்சுக்குத்தான் அதிகம் பயப்பட வேண்டும். 40 வயலுக்குச் சிவப்பு மூடி சிரிஞ்சு, 100-க்கு ஆரஞ்சு மூடி. 100 வயலிலிருந்து சிவப்பு மூடியில் இருபதாவது கோடு வரை இழுத்தால் அது அரை மில்லி, உள்ளே போவது 50 யூனிட். விடிகாலையில் சர்க்கரை இறங்கி ஆள் வியர்த்து நினைவு தப்பிக் கிடப்பார், தூங்குகிறார் என்று நாம் நினைத்துக்கொண்டிருப்போம். கோட்டைக் கணக்குப் போட்டுச் சமாளிக்கலாம் என்று சீனியர் யாராவது சொல்வார், கேட்காதீர்கள், ஃபார்மசிக்காரரை எழுப்புங்கள். நாளைக்கே இரண்டு வயலையும் தனித்தனி டப்பாவில் பிரித்து வையுங்கள்.

டாக்டர் போனை வைக்கும் முன் எந்த இன்சுலின், எத்தனை யூனிட், எப்போது என்று கேஸ் ஷீட்டில் எழுதி, எழுதியதைத் திருப்பி வாசித்துக் காட்டுங்கள். எரிச்சல்படுவார், படட்டும். காலையில் மறக்காமல் கையெழுத்து வாங்குங்கள்.

நோயாளி சாப்பிடவில்லையா, சாப்பாட்டு டோஸைப் போடாமல் டாக்டரைக் கேளுங்கள். ஆனால் டைப் 1 சர்க்கரை நோயாளிகளின் நாள் முழுக்க வேலை செய்யும் ஊசிக்கு இது பொருந்தாது. அவர்களுக்கு உடம்பில் இன்சுலினே சுரக்காது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆபரேஷனுக்காகப் பட்டினி போட்டிருந்தாலும் கிளார்ஜின் மாதிரி நாள் முழுக்க வேலை செய்யும் ஊசியை நாமாக நிறுத்தினால் ரத்தத்தில் கீட்டோன் என்ற அமிலம் ஏறி ஐசியூவுக்குப் போய்விடுவார். அளவைக் குறைப்பார்கள், அடியோடு நிறுத்த மாட்டார்கள். ஷீட்டில் மொத்தமாக 'இன்சுலின் வேண்டாம்' என்றிருந்தாலும், டைப் 1 என்று தெரிந்தால் மறுபடி கேளுங்கள்.

இன்னொரு நர்ஸ் சரிபார்க்க வேண்டும் என்று சுவரில் ஒட்டியிருப்பார்கள், நைட்டில் வார்டுக்கே ஒரு நர்ஸ்தான் இருப்பார்! பக்கத்து வார்டு சிஸ்டரைக் கூப்பிட்டு வயலையும் சிரிஞ்சையும் சேர்த்துக் காட்டுங்கள்.

அப்புறம் இந்த கன்சல்டன்ட் ஆட்கள். என்ஏபிஹெச் (மருத்துவமனைகளுக்குத் தரச்சான்று தரும் அமைப்பு) ஆய்வு வருகிறது என்றதும் காசு வாங்கிக்கொண்டு ஃபைல் தயார் செய்ய வந்து, சரிபார்த்த பதிவேட்டைப் பழைய தேதிகளுக்கு நிரப்பச் சொல்வார்கள். நான் வேலை பார்த்த ஓரிடத்தில் மூன்று மாதப் பக்கங்களை ஒரே ராத்திரியில், ஒரே பேனாவில் நிரப்பினோம், நான் லீவில் இருந்த நாட்களுக்கும் என் கையெழுத்து இருந்தது. உங்களிடம் நீட்டினால், இன்றைய தேதியில்தான் கையெழுத்துப் போடுவேன் என்று சொல்லிவிடுங்கள்.