காதலில் தயங்கட்டும், கதையில் தயங்கக் கூடாது

கேள்வி: ஓர் ஆணைச் சுற்றிப் பல பெண்கள் வரும் ஜப்பானிய ஹரேம் அனிமே (அசைவூட்டத் தொடர்) பாணியில், பெரியவர்களுக்கான அறிவியல் புனைகதைத் தொடர் ஒன்று எழுதுகிறேன். விண்கலத்தில் ஓர் ஆண், நான்கு பெண்கள். பத்து அத்தியாயங்கள் முடிந்துவிட்டன. ‘நாயகன் மரம்போல நிற்கிறான்’ என்கிறார்கள் படித்தவர்கள். நால்வரில் ஒருத்தியை அவன் தேர்ந்தெடுப்பதாக எழுதிவிடலாமா?

பதில்: அவசரப்படாதீர்கள். ஒருத்தியைத் தேர்ந்தெடுத்த அன்றே இந்த வகைக் கதை பெரும்பாலும் முடிந்துபோகும். நாயகனின் வாயைத் தொடர்கள் கட்டிப்போடுவதற்கு அது ஒரு காரணம். இன்னொன்று விளையாட்டுகளிலிருந்து வந்தது. கொனாமி 1994இல் வெளியிட்ட ‘டோக்கிமெக்கி மெமோரியல்’ போன்ற காதல் விளையாட்டுகளில், நாயகன் என்பவன் விளையாடுபவர் வந்து உட்காரும் காலி நாற்காலி. யாரோடு பேசுவது, யாரைத் தவிர்ப்பது என்பதையெல்லாம் அவரே முடிவு செய்வார். அந்த அமைப்பைக் கதையாக எழுதும்போது விளையாடுபவர் இல்லை. நாற்காலி மட்டும் மிஞ்சுகிறது. உங்களுக்கும் அதுதான் நடந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

1992இல் வீடியோ தொடராக வந்த ‘டென்ச்சி முயோ’வை மறுபடி பாருங்கள். யாரைப் பிடிக்கும் என்று நாயகன் டென்ச்சி வாய் திறப்பதில்லை. ஆனால் ஒகாயாமாவில் தாத்தாவின் ஆலயத்தை ஒட்டிப் பூட்டிக் கிடந்த குகையை, ஆர்வம் தாங்காமல் திறந்தவன் அவன்தான். 700 ஆண்டுகளாக உள்ளே அடைபட்டிருந்த விண்வெளிக் கொள்ளைக்காரி ரியோக்கோ அதனால்தான் வெளியே வருகிறாள். பின்னால் வரும் தொல்லைகள் பலவற்றுக்கும் வேர் அவன் கை. கதவு தானாகத் திறக்கவில்லை, அவன் திறந்தான். மனம் தயங்குகிறவனை வாசகர் பொறுத்துக்கொள்வார். கையும் சேர்ந்து தயங்கினால்தான் எரிச்சல் வரும்.

பெரியவர்களுக்கான கதைக்கு நான் உயர்வாக வைப்பது ‘ஸ்டைன்ஸ் கேட்’டை. 2009இல் விளையாட்டாக வந்து, 2011இல் அனிமே ஆனது. முழு ஹரேம் கதை அல்ல. ஆனாலும் ஒருவனைச் சுற்றிப் பல பெண்கள் இருக்கிறார்கள். அவர்களில் ஒருத்தியான ஃபேரிஸ், கடந்த காலத்துக்குச் செய்தி அனுப்பி, தன் இறந்த தந்தையைப் பிழைக்க வைத்திருக்கிறாள். தோழி மயூரியைச் சாவிலிருந்து காப்பாற்ற வேண்டுமானால், நாயகன் ஒகாபே அந்தச் செய்தியைச் செல்லாமல் ஆக்க வேண்டும். அதாவது, அந்தத் தந்தையை மறுபடி இழக்கும்படி அவளிடமே போய்க் கேட்க வேண்டும். அந்தக் காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கிறது. அங்கே அறிவியலும் உறவும் ஒரே முடிவில் வந்து முட்டுகின்றன. உங்கள் விண்கலத்திலும் அப்படி முட்ட வேண்டும். நால்வரில் ஒருத்திக்கு நன்மை செய்தால் இன்னொருத்திக்கு இழப்பு வரும்படி கலத்தின் எரிபொருளையோ பாதையையோ அமைத்து, முடிவை அவன் கையில் கொடுங்கள்.

இன்னொன்றையும் அழுத்திச் சொல்கிறேன். தடுக்கி அவள்மேல் விழுந்தான், தெரியாமல் கதவைத் தள்ளினான் என்ற வகைக் காட்சிகள் நாயகனைப் பொறுப்பிலிருந்து தப்பிக்க வைப்பதற்கே. முப்பது வயது ஆணுக்கு அது பொருந்தாது. அவன் பதில் சொல்லாமல் இருந்தால், அந்த மௌனத்தால் ஒருத்தி என்ன இழந்தாள் என்பதையும் எழுதுங்கள். அவள் சலித்துப்போய் விலகட்டும், அல்லது வேறு கலத்துக்கு மாற்றல் கேட்கட்டும்.

இன்றே ஒரு வேலை செய்யுங்கள். பத்து அத்தியாயங்களிலும் நாயகனுக்குரிய வினைச்சொற்களை அடிக்கோடிடுங்கள். ‘திகைத்தான்’, ‘சிவந்தான்’, ‘விழுந்தான்’ என்றே வருகிற அத்தியாயத்தில், ‘மறைத்தான்’, ‘கேட்டான்’, ‘நிறுத்தினான்’ போன்ற ஒரு வினையாவது வருமாறு காட்சியைத் திருத்துங்கள். முதல் அத்தியாயத்திலிருந்தே தொடங்குங்கள். அந்த நான்கு பெண்களும் கலத்துக்குள் வந்ததற்கு அவன் செய்த ஏதாவது ஒன்று காரணமாக இருக்கட்டும்.