பயமும் அடையாள அணிவகுப்பும்

அன்புள்ள ஐயா,
எங்கள் குடியிருப்பில் வழிப்பறி நடந்ததிலிருந்து எனக்குத் தூக்கமே இல்லை. சந்தேகப்பட்டவனின் படம் எங்கள் வாட்ஸாப் குழுவில் வந்தது. பறிகொடுத்த அக்கா பார்த்ததுமே 'இவன்தான்' என்றார். அவனுக்கு ஜாமீன் கிடைத்துவிட்டது. ஆளையே காட்டிய பிறகும் விசாரணை, வாய்தா எல்லாம் எதற்கு? தண்டனையைக் கூட்டினால்தானே குற்றம் குறையும்?
ஒரு வாசகி

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் பயத்தை வீண்பயம் என்று சொல்ல மாட்டேன். பூட்டிய கதவை எழுந்துபோய் மறுபடி இழுத்துப் பார்க்கிறவர்களுக்குத்தான் அது தெரியும். தண்டனையைக் கூட்டுவது பற்றி: கடுமையைவிட, தப்ப முடியாது என்ற நிச்சயமே குற்றத்தைத் தடுக்கும் என்று இத்தாலியச் சட்டச் சிந்தனையாளர் பெக்காரியா 1764-லேயே எழுதிவிட்டார். ஜாமீன் என்பது விடுதலை அல்ல. இவற்றை இத்துடன் விடுகிறேன்.

ஆனால் 'ஆளையே காட்டிய பிறகும்' என்றீர்களே, அதை விட மாட்டேன். கொஞ்ச நாளாக என் மனதில் ஓடுவதும் அதுதான். அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் நிரபராதிகள் என்று தெரியவந்த முதல் 375 பேரில் சுமார் 69 சதவீதத்தினரின் வழக்கில் நேரில் பார்த்த சாட்சி தவறான ஆளைக் காட்டியிருந்தார். பொய் சொன்னதால் அல்ல, நம்பியதால். கத்தியை நீட்டினால் கண் கத்தியிலேயே நின்றுவிடும். முகத்தில் விட்டுப்போனதைப் பிறகு பார்த்த ஏதோ ஒரு முகம் நிரப்பிவிடும்.

அதனால்தான் அடையாள அணிவகுப்புக்கு, அதாவது சந்தேக நபரை வேறு சிலரோடு நிறுத்தி, ஆளைக் காட்டும்படி சாட்சியிடம் கேட்பதற்கு, இத்தனை கட்டுப்பாடு வேண்டும் என்கிறார்கள் ஆய்வாளர்கள். சாட்சி சொல்லும் அங்க அடையாளங்களை முதலிலேயே எழுதிவிட வேண்டும். அதற்குப் பொருந்துகிற வேறு ஐந்து பேராவது சந்தேக நபருடன் நிற்க வேண்டும். சாட்சி தாடி என்று சொல்லியிருந்து, ஒருவனுக்கு மட்டும் தாடி இருந்தால் அது அணிவகுப்பே அல்ல. சந்தேக நபர் யார் என்று நடத்துபவருக்கே தெரியக் கூடாது. தெரிந்தால் அவர் பார்வை காட்டிக்கொடுத்துவிடும். 'ஆள் இதில் இல்லாமலும் இருக்கலாம்' என்று முன்பே சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால், இருப்பவர்களில் சாயல் உள்ளவரைச் சாட்சி காட்டிவிடுவார். காட்டியதும், எவ்வளவு உறுதி என்பதை அவர் சொன்ன சொற்களிலேயே அங்கேயே எழுத வேண்டும். பெரும்பாலும் இங்கேதான் கெடுகிறது. 'சரியாச் சொன்னீங்கம்மா' என்று ஓர் அதிகாரி சொன்னால் போதும். 'அவன் மாதிரிதான் இருக்கு' என்றவர் கோர்ட்டில் 'சத்தியமா இவன்தான்' என்பார். அவரே அதை நம்புவதால் குறுக்கு விசாரணையிலும் அசைய மாட்டார்.

உங்கள் குழு என்ன செய்தது? ஒரே ஒரு படத்தை, 'இவன்தானா?' என்ற கேள்வியோடு, பயந்துபோன ஒரு பெண்ணின் கையில் கொடுத்தது. நீங்களும் அதை அனுப்பியிருந்தால் பெரிய தவறு செய்திருக்கிறீர்கள். இனி அந்த அக்கா அணிவகுப்பில் யாரைக் காட்டினாலும், பறித்தவனைக் காட்டுகிறாரா, படத்தில் இருந்தவனைக் காட்டுகிறாரா என்று அவருக்கே தெரியாது. ஆள் தவறாகிப் போனால், உண்மையில் பறித்தவன் உங்கள் தெருவில்தான் நடமாடுவான். உங்கள் பயம் கேட்டது இதையா?

படத்தைப் பரப்புவதை இன்றே நிறுத்துங்கள். படம் பார்ப்பதற்கு முன் யாரிடம் என்ன அடையாளம் சொன்னார் என்பதை அக்கா நாள், நேரத்தோடு எழுதிவைக்கட்டும். படம் பார்த்ததையும் மறைக்காமல் விசாரணை அதிகாரியிடம் சொல்லட்டும். கூட நீங்களும் போங்கள். அவரைத் தனியாக அனுப்பாதீர்கள்.