வாங்குவோர் கேள்வி-பதில்: மூம் குழுவின் இசைத்தட்டு

ஐஸ்லாந்து எலக்ட்ரானிக் இசைக்குழு 'மூம்' 2002இல் வெளியிட்ட ஆல்பம் 'ஃபைனலி வீ ஆர் நோ ஒன்'. அதைத் தேடிப் பிடித்து வாங்கியவர்களிடமிருந்து வந்த கடிதங்கள் இவை.

கே: பழைய வினைல் வாங்கினேன். டிக் டிக்கென்று சத்தம் வருகிறது. "அந்த இசையே அப்படித்தான்" என்கிறார் விற்றவர். உண்மையா?

ப: பாதி உண்மை, அதை வைத்தே உங்களை மடக்கப் பார்க்கிறார். நறுக்கிய டிஜிட்டல் ஒலிகளைத் தாளமாக அடுக்கி, மேலே அக்கார்டியனும், வாயால் ஊதி வாசிக்கும் சிறு கீபோர்டான மெலோடிகாவும், செல்லோவும் சேர்ப்பது இந்தக் குழுவின் பாணி. அது வேறு, கீறல் வேறு. நிமிடத்துக்கு 33⅓ சுற்று என்ற வேகத்தில் தட்டு ஒரு சுற்றுச் சுற்ற 1.8 விநாடி ஆகும். அந்த இடைவெளியில் சத்தம் தவறாமல் வந்தால் கீறல் என்று சந்தேகப்படுங்கள். கண்ட இடத்தில் பொரிந்தால் தூசி. கார்பன் பிரஷ்ஷால் துடைத்து மறுபடி போடுங்கள். பிறகும் நிற்கவில்லையா? அதே பாட்டின் அதே இடத்தை ஸ்ட்ரீமிங்கில் கேளுங்கள். அங்கே இல்லாத சத்தம் தட்டின் சத்தம். நேரம் தெரியும்படி வீடியோ எடுத்து அனுப்பிப் பணத்தைத் திருப்பிக் கேளுங்கள். நியாயம் உங்கள் பக்கம்.

கே: ஆர்டர் செய்தது ஆங்கிலத் தலைப்பு, வந்தது 'லோக்சின்ஸ் எரும் வித் எங்கின்'. போலியா?

ப: போலி இல்லை. இதே ஆல்பத்தை அவர்கள் ஐஸ்லாந்திய மொழியிலும் பாடி வெளியிட்டார்கள். ஆனால் பட்டியலில் ஆங்கிலப் பதிப்பு என்று போட்டிருந்தால் மாற்றித் தர வேண்டியது கடையின் பொறுப்பு, அனுப்பும் செலவு உட்பட.

கே: விளம்பரத்தில் அட்டைப் படம் மட்டும்தான் இருக்கிறது. தரம் 'விஜி பிளஸ்' என்கிறார். வாங்கலாமா?

ப: வேண்டாம். 'விஜி பிளஸ்' (பழசானாலும் நன்றாகவே இருக்கிறது), 'நியர் மின்ட்' (கிட்டத்தட்டப் புதிது) என்று கண்ணால் பார்த்தே தரம் போடும் பழக்கம் ஒழிய வேண்டும். டியூப்லைட் வெளிச்சத்தில் மெல்லிய கீறல் தெரியாது. ஒற்றை பல்பின் கீழ் சாய்த்துப் பிடித்தால்தான் தெரியும். இசை பதிந்த பள்ளத்தைத் தேய்ந்த ஊசி அரைத்திருந்தாலோ எந்த வெளிச்சத்திலும் சரியாகத் தெரியாது, ஓட்டிக் கேட்டால்தான் தெரியும். ராக் தட்டில் டிரம் சத்தம் இதையெல்லாம் மறைத்துவிடும். இந்த ஆல்பத்திலோ கிசுகிசுப்பாகப் பாடும் இடங்கள் நிறைய. அங்கே ஒவ்வொரு இரைச்சலும் பல்லிளிக்கும். அதனால் "ஓட்டிப் பார்த்தீர்களா?" என்று முதலில் கேளுங்கள். அடுத்து, கடைசிப் பக்கத்தின் கடைசி மூன்று நிமிடத்தைப் பதிவு செய்து அனுப்பச் சொல்லுங்கள். மையத்தை நெருங்க நெருங்க ஊசிக்கு அடியில் பள்ளம் ஓடும் வேகம் குறைகிறது. 'ச', 'ஸ' ஒலிகள் முதலில் கரகரப்பது அங்கேதான். அனுப்ப மறுப்பவரிடம் வாங்காதீர்கள். என் அலமாரியில் உள்ள வளைந்த தட்டும் 'நியர் மின்ட்' என்று வந்ததுதான்.

கே: 'ஒரிஜினல் சிடி' என்று ஆன்லைனில் ஒரு கடை விற்றது. அடிப்பக்கம் ஊதா நிறம். ஏமாந்தேனா?

ப: உங்களை ஏமாற்றிவிட்டார்கள். ஆலையில் அச்சிட்ட சிடியின் அடி பெரும்பாலும் வெள்ளி நிறம். ஊதாவோ பச்சையோ தெரிந்தால் அநேகமாக வீட்டில் கணினியில் நகலெடுத்த சிடி-ஆர். வட்டை, உறையை, பில்லைப் படம் எடுங்கள். இந்தியத் தளம் என்றால் அதன் குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுதுங்கள். 48 மணி நேரத்தில் பெற்றுக்கொண்டதாகப் பதிலும், ஒரு மாதத்தில் தீர்வும் தர வேண்டும் என்பது 2020 மின்வணிக விதி. நகராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915க்குப் போன் செய்யுங்கள். அதன் பிறகு நுகர்வோர் ஆணையம். இரண்டு ஆண்டுக்குள் மனுப் போட வேண்டும், 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் இல்லை. சிறிய தொகைதானே என்று விடாதீர்கள்.

கே: இரட்டைத் தட்டு ஆல்பம். வாங்கி மூன்று வருடம் கழித்து இன்றுதான் உறையைப் பிரித்தேன். உள்ளே முதல் தட்டே இரண்டு!

ப: மூன்று வருடம் பிரிக்காமல் வைத்திருந்துவிட்டு யாரைக் கேட்பது? பார்சல் வந்த அன்றே பிரித்து லேபிளில் ஏ, பி, சி, டி என்ற நான்கு பக்கமும் உண்டா என்று பார்க்க ஒரு நிமிடம் போதும். கடைக்கு எழுதிப் பாருங்கள். கொடுத்தால் அது அவர்கள் பெருந்தன்மை.

கே: மூம் குழுவின் 2000ஆம் ஆண்டு முதல் ஆல்பம்: எதை வாங்கலாம், பழைய அச்சா, 2019 மறுவெளியீடா?

ப: கேட்பதற்கென்றால் மறுவெளியீடு.