கல், எழுத்து, தோப்பு: ஆய்வுத் தரவு பற்றிய கேள்வி பதில்

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்ட ஆய்வு மாணவர்கள் கேட்டவை. படம் எடுப்பது, பழைய நூலைக் கணினி எழுத்தாக்குவது, செயற்கைக்கோள் தரவு பற்றிய கேள்விகள்தான் அதிகம்.

பென்னாகரம் பக்கம் ஒரு நடுகல், அதாவது வீரனுக்கு நட்ட நினைவுக்கல். எழுத்து பழைய வட்டெழுத்து. ஊரார் வேடியப்பன் சாமியாகக் கும்பிடுகிறார்கள், எண்ணெய் ஏறிய கல். போன் படத்தில் எழுத்தே தெரியவில்லை. மாவு தேய்க்கலாமா சார்?

வேண்டாம். மாவு கீறலிலும் போய் உட்கார்ந்து, இல்லாத எழுத்தைக் காட்டும். சாமி கல்லில் கை வைத்தால் ஊரும் சும்மா இருக்காது. ஊர்ப் பெரியவர்களிடம் சொல்லிவிட்டு இருட்டிய பிறகு போங்கள். போனை ஸ்டாண்டில் அசையாமல் நிறுத்தி, டார்ச்சைக் கல்லின் முகத்தை ஒட்டி 10-15 பாகைச் சாய்வில் பிடியுங்கள். மேல், கீழ், இடம், வலம் என நாலு பக்கமிருந்தும் தனித்தனிப் படம். மேலிருந்து வரும் வெளிச்சத்தில் படுக்கைக் கோடுகள் எடுப்பாகத் தெரியும், பக்கவாட்டு வெளிச்சத்தில் செங்குத்துக் கோடுகள். நாலையும் வைத்துப் பார்த்தால்தான் எது உளி வெட்டு, எது கல் வெடிப்பு என்று பிடிபடும்.

பல படங்களைச் சேர்த்துக் கணினியில் கல்லின் முப்பரிமாண மாதிரி எடுக்க இதற்கு நேர்மாறு, மப்பான பகல் வேண்டும். வெயிலில் எண்ணெயின் பளபளப்பு படத்துக்குப் படம் இடம் மாறும். மென்பொருள் அதையும் கல்லின் புள்ளி என்று நம்பி மேடு பள்ளத்தைக் குழப்பிவிடும். 60-80 படங்கள் எடுங்கள். அடுத்தடுத்த இரண்டு படங்களில் 70 சதவீதமாவது ஒரே பரப்பு விழ வேண்டும். ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் பூட்டிவிடுங்கள், ஜூம் வேண்டாம். பக்கத்தில் 10 சென்டிமீட்டர் அளவுகோல் வைக்க மறந்தால் மாதிரி அழகாக வரும், கல் இரண்டடியா ஐந்தடியா என்று மட்டும் சொல்லாது. மாதிரி செய்ய மெஷ்ரூம் என்ற இலவச மென்பொருள் போதும். ஆனால் என்விடியா கிராபிக்ஸ் கார்டு உள்ள கணினி தேவை.

படங்களை வாட்ஸ்அப்பில் போட்டோவாக அனுப்பாதீர்கள். படத்தைச் சுருக்குவதோடு ஜிபிஎஸ் விவரத்தையும் கழற்றிவிடும். டாக்குமென்டாக அனுப்புங்கள்.

நடுகல் விவரங்களை எக்ஸெல்லில் பதிகிறேன். என்னென்ன பதிய வேண்டும்?

வாசகத்துக்கு இரண்டு நெடுவரிசை: கல்லில் உள்ளபடி ஒன்று, இக்கால வடிவம் ஒன்று. கல்லில் 'தொறு' என்றிருப்பதை 'ஆநிரை' என்று மட்டும் எழுதி வைத்தால், நாளை தொறு எத்தனை நடுகல்லில் வருகிறது என்று தேடுகிறவருக்கு உங்கள் கல் கிடைக்காது.

இடக்குறிப்பில் அடிக்கடி நடக்கும் தப்பு ஒன்று. அட்சரேகை 12 பாகை 7 நிமிடம் 30 விநாடியை 12.0730 என்று எழுதிவிடுகிறார்கள். சரியான எண் 12.125. இந்த ஒரு பிழையில் கல் ஏறக்குறைய 6 கிலோமீட்டர் தெற்கே போய்விடும். ஐந்து தசம இடம் வரை பதியுங்கள். வெளியிடும்போது மட்டும் இரண்டோடு நிறுத்துங்கள். காவல் இல்லாத கல்லுக்குத் திருடனுக்கு நாமே வழி சொல்ல வேண்டாம்.

1960களில் அச்சான நூலை கூகுள் டிரைவில் ஏற்றி எழுத்தாக்கினேன். தேடினால் பாதிச் சொற்கள் சிக்கவில்லை, ஏன்?

1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தைய ணா, றா, னா, லை, னை வடிவங்கள் அதில் இருக்கும். இன்றைய அச்சில் பழகிய மென்பொருள் அங்கே தடுமாறும். துணைக்கால் ரகரமாகி 'கால்' என்பது 'கரல்' ஆகும். ஸ்கேன் 300 டிபிஐ (அங்குலத்துக்கு இத்தனை புள்ளி என்ற கணக்கு), பொடி எழுத்து என்றால் 400.

கண்ணுக்கே தெரியாத பிழை ஔகாரத்தில் இருக்கிறது. 'பௌர்ணமி', 'பெளர்ணமி' இரண்டும் திரையில் ஒன்றுபோல இருக்கும். முதலாவதில் பகரத்தோடு ஔகாரக் குறி ஒன்றுதான், இரண்டாவதில் 'பெ'வுக்குப் பிறகு தனி 'ள'. கணினிக்கு இவை வேறு வேறு சொல். 'ெ', 'ள' சேர்ந்து வரும் இடத்தையெல்லாம் ஒரேயடியாக ஔகாரக் குறியாக மாற்றிவிடலாம் என்று இறங்காதீர்கள், வெள்ளமும் தெளிவும் சேர்ந்து உடையும். பௌர்ணமி, கௌரவம், மௌனம், சௌகரியம் என்று பட்டியல் போட்டுச் சொல் சொல்லாக மாற்றுங்கள். மூல ஸ்கேனை அழிக்க வேண்டாம்.

அரசுக் கல்லூரியில் படிக்கிறேன். காசு கட்டாமல் ஆய்விதழ்கள் கிடைக்குமா?

கிடைக்கும். 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டத்தில் 2025 ஜனவரி 1 முதல் 30 பதிப்பகங்களின் சுமார் 13,000 மின்னிதழ்கள் அரசு உயர்கல்வி நிறுவனங்களுக்குத் திறந்திருக்கின்றன. உங்கள் கல்லூரி பதிவு செய்திருக்கிறதா என்று நூலகரிடம் கேளுங்கள். ஆய்வேடுகளுக்கு சோத்கங்கா என்ற இணையத் தொகுப்பு, பழைய தமிழ் நூல்களுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம்.

சாட்ஜிபிடி தந்த மேற்கோள் பட்டியலை அப்படியே போடலாமா?

கூடாது. ஆசிரியர், இதழ், ஆண்டு எல்லாம் பொருந்தி வரும், கட்டுரைதான் இருக்காது. ஒவ்வொன்றின் டிஓஐ எண்ணையும், அதாவது கட்டுரைக்கென்று தரும் நிலையான இணைய அடையாள எண்ணையும், திறந்து பாருங்கள். திறந்தாலும் தலைப்பு அதுதானா என்று பாருங்கள். உண்மையான எண்ணில் வேறு கட்டுரை இருப்பதும் உண்டு.

சென்டினல்-2 செயற்கைக்கோள் படங்களில் கிருஷ்ணகிரி மாந்தோப்புகளை 2019, 2024 என ஒப்பிட்டேன். எல்லாத் தோப்பிலும் பசுமைக் குறியீடு (செடி எவ்வளவு பச்சையாக இருக்கிறது என்று காட்டும் எண்) சரிந்திருக்கிறது. வறட்சியா?

எல்லாத் தோப்பிலும் ஒரே மாதிரி என்றால் முதலில் தரவைச் சந்தேகப்படுங்கள். 2022 ஜனவரி 25 முதல் இந்தப் படங்களின் ஒவ்வொரு எண்ணோடும் 1000 கூட்டித் தருகிறார்கள். அதைக் கழிக்காமல் கணக்குப் போட்டால் குறியீடு தானாக இறங்கும். குறியீடு என்பது அகச்சிவப்பு, சிவப்பு எண்களின் வித்தியாசத்தை அவற்றின் கூட்டுத்தொகையால் வகுத்தது. அகச்சிவப்பு 3000, சிவப்பு 600 என்றால் குறியீடு 2400/3600, அதாவது 0.67. இரண்டிலும் 1000 கூடினால் 2400/5600, வெறும் 0.43. மரத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. கூகுளின் எர்த் எஞ்சின் தளத்தில் 'ஹார்மனைஸ்டு' தொகுப்பை எடுத்தால் கழித்தே வரும்.

மார்ச், ஏப்ரல் படங்களை எடுங்கள். மானாவாரி நிலம் காய்ந்து கிடக்கும், மா பச்சையாக நிற்கும். அக்டோபர், நவம்பரில் மேகம்தான் மிஞ்சும். ஒரு ஏக்கர் சதுரத் தோப்பு ஒரு பக்கம் 64 மீட்டர்கூட வராது. 10 மீட்டர் கட்டத்தில் ஆறுக்கு ஆறுதான், அதிலும் ஓரக் கட்டங்களில் பக்கத்து நிலம் கலந்துவிடும். அரை ஏக்கருக்குக் கீழே உள்ளதை விட்டுவிடுங்கள். இத்தனைக்கும் பிறகு ஒரு தோப்பு மட்டும் சரிந்திருந்தால் நேரில் போய், அந்த ஆண்டு கிளை வெட்டிக் கவாத்து செய்தார்களா என்று தோப்புக்காரரைக் கேளுங்கள்.