ஆஸ்திரேலியா ஐரோப்பாவில் இல்லையே, நாடுகள் மோதும் யூரோவிஷன் பாட்டுப் போட்டியில் எப்படிப் பாடுகிறது?

போட்டியில் சேர ஐரோப்பாவில் இருக்க வேண்டும் என்ற விதி இல்லை. நாட்டின் பெயரில் கலந்துகொள்வது அந்த நாட்டின் தொலைக்காட்சி நிறுவனம்தான். ஆஸ்திரேலியாவின் எஸ்.பி.எஸ்., போட்டியை நடத்தும் ஐரோப்பிய ஒலிபரப்பு ஒன்றியத்தின் இணை உறுப்பினர். 1983 முதலே அங்கே யூரோவிஷனை ஒளிபரப்புகிறது. அந்தப் பழக்கத்தை மதித்து, 60ஆவது போட்டிக்கு (வியன்னா, 2015) அழைத்தார்கள். ஆஸ்திரேலியாவுக்காகப் பாடிய கை செபாஸ்டியன் 5ஆம் இடம் பிடித்தார். அதன்பின் ஆண்டுதோறும் அழைப்பு வந்தது.

பாட்டுக்கான வரம்புகள் கறாரானவை. 3 நிமிடத்தைத் தாண்டக்கூடாது. மேடையில் 6 பேருக்கு மேல் நிற்கக்கூடாது. பின்னணி இசை பதிவிலிருந்து ஒலிக்கும், ஆனால் முதன்மைக் குரல் நேரடியாகப் பாடியே ஆகவேண்டும். ஸ்டுடியோவில் அசத்திய பாட்டு மேடையில் சொதப்புவது பெரும்பாலும் இங்கேதான்: ஆடிக்கொண்டே உச்ச ஸ்தாயியைப் பிடிக்க மூச்சு போதாது.

மதிப்பெண்ணில் நடுவர் குழுவும் பார்வையாளர் வாக்கும் தனித்தனி. 2016இல் ஆஸ்திரேலியாவின் டாமி இம் நடுவர்களிடம் 320 வாங்கி முதலிடத்தில் நின்றார். பார்வையாளர்கள் தந்தது 191. மொத்தம் 511. உக்ரைனின் ஜமாலா நடுவர்களிடம் 211தான் பெற்றார், பார்வையாளர்களிடம் 323. மொத்தம் 534, வெற்றி அவருக்கு. டாமி இம்மின் குரல் அந்த இரவின் மிகச் சிறந்த குரல் என்பதே என் கருத்து.

ஜெயித்தால் போட்டி சிட்னிக்குப் போய்விடாது. ஏதேனும் ஓர் ஐரோப்பிய நகரத்தில், அங்குள்ள நிறுவனத்துடன் சேர்ந்து எஸ்.பி.எஸ். நடத்த வேண்டும் என்பது ஏற்பாடு.