சாம் சம்மதித்ததால் விதி வென்றுவிட்டதா?

வெல்லவில்லை. 'சூப்பர்நேச்சுரல்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் 5ஆம் பருவ இறுதியில், நாயகர்களான இரு சகோதரர்களில் இளையவனான சாம் சம்மதித்துத் தன் உடலை வீழ்ந்த வானதூதன் லூசிபருக்குக் கொடுத்தது வானதூதர்கள் எதிர்பார்த்ததுதான். ஆனால் அந்த உடலை மீட்டுக்கொண்டு, தந்தையின் இன்னொரு மகனான ஆடமின் உடலில் இருந்த தலைமை வானதூதன் மைக்கேலையும் இழுத்தபடி, லூசிபரை அடைப்பதற்கான கூண்டுக்குள் சாம் விழுந்தது அவர்கள் வகுத்த கதையில் இல்லாத செயல்.

சம்மதித்த காட்சியையே கதையின் முடிவாக நீங்கள் எடுத்துக்கொண்டதுதான் குழப்பத்துக்குக் காரணமாக இருக்கலாம்.

இந்த மோதல் நடக்கும் மயானக் காட்சியை மட்டும் மீண்டும் பாருங்கள். மைக்கேலின் உடலாக வந்து தம்பியோடு போரிட வேண்டியவன் என்று குறிக்கப்பட்டிருந்த அண்ணன் டீன், சாமின் உடலில் இருக்கும் லூசிபரிடம் முகம் சிதையும்வரை அடிபட்டும் திருப்பி அடிக்காமல், உன்னை விட்டுப் போகமாட்டேன் என்கிறான். அடுத்த கணம் சாமின் பார்வையில் படுவது, சிறுவயதில் இம்பாலா காரின் சாம்பல் கிண்ணத்தில் அவன் செருகிய பொம்மைச் சிப்பாய். மந்திர ஆயுதம் எதையும் நாடாமல், பிள்ளைப்பருவ நினைவு ஒன்றையே திருப்புமுனையாக்கியது, என் பார்வையில், இத்தொடரின் மிகத் துணிச்சலான முடிவு.

ஒரு தயக்கம் மட்டும் உண்டு (பிந்தைய பருவங்களைப் பார்க்காதவராயின் இங்கே நிறுத்திவிடுங்கள்): சகோதரர்களின் வாழ்க்கையை, இத்தொடரில் கடவுளாக வரும் எழுத்தாளன் சக் தன் பொழுதுபோக்குக்காக ஆட்டிவைத்தான் என்று 14ஆம் பருவ இறுதியில் தெரியவருவதால், மயானத்தில் நடந்ததும் அவன் எழுதியதுதானோ என்று ஐயுற இடமிருக்கிறது.